ரேகை, பெயர், முகம்: ஸ்டுடியோக்காரர் பேரனுக்கு ஒரு பதில்

மதுரையில் மூன்று தலைமுறையாகப் போட்டோ ஸ்டுடியோ நடத்திவரும் குடும்பத்தைச் சேர்ந்த இளைஞர் ஒருவர் என்னிடம் மூன்று கேள்விகள் கேட்டிருந்தார். டிஜிட்டல் காலத்தில் மனிதரின் அடையாளத்தையும் தொழில்நுட்பத்தையும் எடுத்துக்கொண்டு வேலை செய்யும் கலைஞர்கள் உண்மையில் என்ன செய்கிறார்கள் என்பது முதலாவது. அது நியூயார்க், லண்டன் போன்ற ஊர்களுக்கே உரிய கவலையா, நம் பக்கத்தில் அதற்கு வேர் உண்டா என்பது இரண்டாவது. தாத்தா எடுத்த நெகட்டிவ்கள் பெட்டி பெட்டியாகக் கிடக்கின்றன, அவற்றை ஒரு ஏஐ செயலியில் கொடுத்து முகங்களைச் சிரிக்கவும் கண்ணிமைக்கவும் வைத்தால் அது கலையாகுமா என்பது மூன்றாவது. கலை வரலாறு கற்பித்தே வாழ்நாளைக் கழித்தவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன்.

தம்பி, நடுவிலுள்ள கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். அதற்கான விடை மதுரைக்கு மேற்கே, உசிலம்பட்டிக்கு அப்பால் இருக்கிறது. ஏடுகளில் குற்றப் பரம்பரைச் சட்டம் என்றிருப்பதை அந்தப் பக்கத்துப் பெரியவர்கள் ரேகைச் சட்டம் என்றுதான் சொல்வார்கள். 1871-இல் வட இந்தியாவில் நடைமுறைக்கு வந்த அந்தச் சட்டம், 1911-இல் திருத்தப்பட்டபோது சென்னை மாகாணத்துக்கும் விரிந்தது. பட்டியலில் சேர்க்கப்பட்ட சமூகத்தில் பிறந்த ஓர் ஆண், எந்தக் குற்றமும் செய்யாதவராக இருந்தாலும், பிறப்பு ஒன்றினாலேயே சந்தேகத்துக்கு உரியவராகி, விரல் ரேகையைப் பதிந்து, குறித்த நேரத்தில் காவல் நிலையத்தில் முகம் காட்டி, வெளியூர் செல்ல ராதாரிச் சீட்டு வாங்கி வாழ வேண்டியிருந்தது. உசிலம்பட்டிப் பக்கத்தில் வாழும் பிரமலைக் கள்ளர் சமூகத்தின் மீது இது சுமத்தப்பட்டபோது, 1920 ஏப்ரல் 3 அன்று பெருங்காமநல்லூர் மக்கள் ரேகை வைக்க மறுத்தார்கள். காவல்துறை சுட்டதில், மாயக்காள் என்ற பெண் உட்பட 16 பேர் இறந்தார்கள். மக்கள் ரோசாப்பூ துரை என்று அன்போடு அழைத்த வழக்கறிஞர் ஜார்ஜ் ஜோசப் போன்றவர்கள் அந்தச் சட்டத்தை எதிர்த்து நின்றார்கள். ஆனாலும் சென்னை மாகாணத்தில் அது நீங்குவதற்கு 1947 வரை ஆயிற்று.

அந்தச் சட்டத்துக்கு மக்கள் வைத்த பெயரை நான் வகுப்பில் திரும்பத் திரும்பச் சொல்வதுண்டு. அரசு எழுதிய பெயரில் குற்றம் என்றும் பரம்பரை என்றும் இரண்டு சொற்கள் இருந்தன. மக்கள் அவ்விரண்டையும் ஒதுக்கிவிட்டு, தங்கள் உடலின்மீது என்ன செய்யப்பட்டதோ அதைக் கொண்டு, விரலில் தடவிய மையைக் கொண்டு, அதற்குப் பெயரிட்டார்கள். ஒரு சட்டத்தை அதன் தொழில்நுட்பத்தின் பெயரால் அழைப்பதற்கு, அந்தத் தொழில்நுட்பம் தங்களை எப்படி மாற்றி எழுதுகிறது என்பது நன்றாகத் தெரிந்திருக்க வேண்டும். இன்று உலகின் பெரிய கலைக்கூடங்களில் அடையாளமும் தொழில்நுட்பமும் என்ற தலைப்பின்கீழ் வைக்கப்படும் படைப்புகளில் மிகச் சிறந்தவை செய்வதும் ஏறத்தாழ இதையேதான். தன்மேல் இடப்பட்ட அடையாளத்தை ஒருவர் கையில் எடுத்து, அது இடப்பட்ட விதத்தை எல்லோரும் பார்க்கும்படி திருப்பிக் காட்டுகிறார்.

அந்த மை எங்கிருந்து வந்தது என்று பின்னோக்கிப் போனால் வங்காளத்தைச் சென்றடைவோம். 1858-இல் ஜங்கிப்பூரில் வில்லியம் ஹெர்ஷல் என்ற ஆங்கிலேய அதிகாரி, சாலை போடுவதற்கான சரளையைத் தருவதாக ஒப்புக்கொண்ட ராஜ்யதர் கொனாய் என்பவரின் உள்ளங்கையில் மை தடவி, அதை ஒப்பந்தத் தாளின் பின்புறம் பதியச் செய்தார். போட்ட கையெழுத்தைப் பிற்பாடு மறுக்கும் எண்ணமே அவருக்கு எழக்கூடாது என்று மிரட்டுவதற்கே அப்படிச் செய்ததாக ஹெர்ஷலே எழுதியிருக்கிறார். ஆளை அடையாளம் காணும் அறிவியல் பிறகுதான் வந்தது, அச்சம் முதலில் வந்துவிட்டது. 1897-இல் கல்கத்தாவில் விரல் ரேகைப் பிரிவு ஒன்று அமைந்தது. ஆயிரக்கணக்கான ரேகைகளிலிருந்து ஒன்றைத் தேடி எடுக்கும் வகைப்பாட்டு முறையை உருவாக்கியதில் அஜிசுல் ஹக், ஹேம் சந்திர போஸ் என்ற இரண்டு இந்தியர்களின் உழைப்பு பெரிது, உலகம் அதை அறிந்ததோ அவர்களுடைய மேலதிகாரி எட்வர்ட் ஹென்றியின் பெயரால். லண்டன் காவல்துறையான ஸ்காட்லாந்து யார்டு அந்த முறையை ஏற்றது 1901-இல். ஆகவே இந்தத் தொழில்நுட்பம் மேற்கிலிருந்து நமக்கு வந்தது என்று எண்ண வேண்டாம். அது நம் மக்களின் கைகளில் பழகிப் பார்க்கப்பட்டு அங்கே போனது.

டெல்லியைச் சேர்ந்த ஜீபேஷ் பாக்சி, மோனிகா நருலா, சுத்தப்ரத சென்குப்தா ஆகிய மூவரும் 1992-இல் தொடங்கிய ராக்ஸ் மீடியா கலெக்டிவ் என்ற கலைக்குழு, கொனாயின் அந்தக் கைப்பதிவை லண்டன் ஆவணக் காப்பகம் ஒன்றில் கண்டெடுத்து 2011-இல் ஒரு படைப்பாக்கியது. அதன் தலைப்பு 'தி அன்டோல்ட் இன்டிமசி ஆஃப் டிஜிட்ஸ்'. டிஜிட் என்ற சொல்லுக்கு விரல் என்றும் எண் என்றும் இரண்டு பொருள். தலைப்பின் முதன்மைச் சொற்களது முதலெழுத்துகளைச் சேர்த்தால் யுஐடி என்று வரும், அது ஆதார் திட்டத்துக்கு முதலில் வழங்கிய பெயர். படைப்பில் இருப்பதெல்லாம் இருட்டுச் சுவரில் விழும் ஒரு கை மட்டும். நூற்றைம்பது ஆண்டுக்கு முன் தாளில் உறைந்துபோன அந்தக் கை, ஓசையில்லாமல், விரல்களை ஒவ்வொன்றாக மடக்கியும் நீட்டியும் எண்ணிக்கொண்டே இருக்கிறது. எண்ணப்பட்டவரின் கை தானே எண்ணத் தொடங்குகிறது. இந்த ஒரு திருப்பத்துக்கு மேல் அதில் எதுவும் இல்லை, வேறு எதுவும் தேவையும் இல்லை என்பதே என் எண்ணம். கொனாய்க்கு நீதி கிடைத்துவிட்டது என்று அக்கலைஞர்கள் உரிமை கொண்டாடவில்லை. ஆவணத்தில் ஒரு மனிதர் இருந்தார் என்பதை மட்டும் நம்மை உணரச் செய்தார்கள்.

முதல் ஆதார் எண் 2010 செப்டம்பர் 29 அன்று மகாராஷ்டிரத்தின் தெம்ப்லி கிராமத்தில் வழங்கப்பட்டது. பத்து விரல், இரண்டு கருவிழி, ஒரு முகம் ஆகியவற்றைச் சேர்த்து 12 இலக்க எண்ணாக ஒரு மனிதரைத் திரட்டுகிற அந்த ஏற்பாடு எத்தனையோ பேருக்கு உதவியிருக்கிறது என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் எங்கள் தெரு ரேஷன் கடையில் நான் அடிக்கடி பார்க்கும் காட்சி ஒன்று உண்டு. வாழ்நாளெல்லாம் செங்கல் சுமந்த ஒரு பாட்டி கருவியில் விரலை வைக்கிறார். "பதியலை ஆத்தா, அடுத்த விரலை வைங்க" என்கிறார் கடைக்காரர். பாட்டி முந்தானையில் விரலைத் துடைத்துவிட்டு மறுபடி வைக்கிறார். சாயத்திலும் சுண்ணாம்பிலும் கல்லிலும் கை வைத்துப் பிழைப்பவர்களின் ரேகை தேய்ந்துபோகிறது. உழைப்பு அழித்த ரேகையை எந்திரம் படிக்க முடிவதில்லை. அங்கே வரிசையில் நிற்கும் அத்தனை பேருக்கும் அவர் யாரென்று தெரியும், அவருடைய பேரப்பிள்ளைகளின் பெயர்கள்கூடத் தெரியும், எந்திரம் ஒன்றுக்குத்தான் தெரியவில்லை. ராக்ஸ் குழுவின் படைப்பை நீங்கள் நேரில் பார்க்க நேரும் நாளில், அந்தக் கையின் பக்கத்தில் இந்தப் பாட்டியின் கையையும் வைத்துப் பாருங்கள்.

இந்த இடத்தில் காந்தியைச் சொல்லாமல் போக முடியாது. மதுரைக்காரர்கள் அவரை நினைப்பது 1921 செப்டம்பர் 22-க்காக. மேலமாசி வீதி வீட்டில் தங்கியிருந்தபோதுதான் அவர் முழு உடையைக் களைந்து அரையாடைக்கு மாறினார். ஒரு மனிதர் தனக்கான அடையாளத்தைத் தானே தேர்ந்து, அது உலகத்தின் எந்தப் புகைப்படத்திலும் தெரியும்படி செய்துகொண்ட நிகழ்ச்சி அது. அதற்கு முன்பே, தென்னாப்பிரிக்காவில் ஆசியர்கள் ரேகை பதிந்து சான்றிதழ் வைத்திருக்க வேண்டும் என்ற சட்டத்தை எதிர்த்தே சத்தியாக்கிரகம் பிறந்தது என்பதையும், 1908-இல் ஜோகன்னஸ்பர்க்கில் பதிவுச் சான்றிதழ்கள் குவியலாக எரிக்கப்பட்டன என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். இதில் நுட்பமான ஒன்று உண்டு. அந்த ஆண்டின் தொடக்கத்தில், கட்டாயம் நீங்கும் என்ற உடன்பாட்டை நம்பி, தாமாக முன்வந்து ரேகை தருவதற்குக் காந்தி இசைந்தார், தம்மவர்களின் கோபத்துக்கும் அடிக்கும் ஆளானார். அவருக்கு ரேகை இழிவாகத் தோன்றவில்லை, கட்டாயம்தான் இழிவாகத் தோன்றியது. ஓர் அடையாளம் நாம் எடுத்துக்கொண்டதா, நம்மேல் இடப்பட்டதா என்ற இந்த வேறுபாட்டை மறந்துவிட்டால், இத்துறைக் கலைஞர்களின் வேலை நமக்குக் கண்கட்டு வித்தையாகத்தான் தெரியும்.

இனி முதல் கேள்விக்கு வருகிறேன். எல்லாப் பெயர்களையும் அடுக்க எனக்கு விருப்பமில்லை. அமெரிக்காவைச் சேர்ந்த லின் ஹெர்ஷ்மன் லீசன் என்ற பெண் கலைஞரிடமிருந்து தொடங்குங்கள். 1973 முதல் 1978 வரை, கணினி வீடுகளுக்குள் வராத காலத்தில், அவர் சான் பிரான்சிஸ்கோவில் ராபர்ட்டா பிரைட்மோர் என்ற இல்லாத ஒரு பெண்ணை உண்டாக்கினார். விக் வைத்து, ஒப்பனை செய்து, தாமே அந்தப் பெண்ணாக நடமாடினார். அந்தப் பெண்ணுக்கு வங்கிக் கணக்கு இருந்தது, ஓட்டுநர் உரிமம் இருந்தது, கடன் அட்டை இருந்தது, மனநல மருத்துவரிடம் குறிப்பேடும் இருந்தது. அறைத்தோழி தேவை என்று நாளிதழில் விளம்பரம் கொடுத்து, வந்தவர்களை ராபர்ட்டாவாகவே சந்தித்தார். பின்னர் வேறு சில பெண்களையும் அதே வேடத்தில் உலவவிட்டார். கடைசியில் 1978-இல் இத்தாலியின் ஃபெராரா நகரில், பேயோட்டுவது போன்ற ஒரு சடங்கு நடத்தி அந்தப் பெண்ணை விடைபெறச் செய்தார். எஞ்சியவை காகிதங்கள் மட்டுமே. அந்தக் காகிதங்களை இன்று பார்க்கிறவர்களுக்கு, ராபர்ட்டா இருந்ததற்கான சான்று தங்களுக்கான சான்றைவிட ஒழுங்காக இருப்பது விளங்கும்.

நம் ஊரில் இதற்கு நேர் எதிரான நிலையை நான் பார்த்திருக்கிறேன். ஆள் இருப்பார், காகிதம் ஒத்துவராது. தமிழர்களுக்குக் குடும்பப்பெயர் என்று ஒன்று பொதுவாக இல்லை. தந்தை பெயரின் முதலெழுத்தை முன்னால் போட்டுக்கொள்கிறோம், பெண்கள் பலருக்குத் திருமணத்துக்குப் பின் அந்த எழுத்தும் மாறிவிடுகிறது. சாதிப்பெயரை ஒட்டிக்கொள்ளாமல் முதலெழுத்தோடு நின்றது தமிழ்நாட்டின் சமூக வரலாற்றில் பெருமைக்குரிய ஒரு முடிவு. ஆனால் கடவுச்சீட்டு விண்ணப்பத்திலும் விமானச் சீட்டிலும் முன்பெயர், குடும்பப்பெயர் என்று இரண்டு கட்டங்கள் இருக்கின்றன, ஒன்றைக் காலியாக விட்டால் மென்பொருள் பல வேளைகளில் ஏற்பதில்லை. அதனால் நம் தந்தையர் அனைவரும் வெளிநாட்டில் குடும்பப்பெயர்களாகிவிட்டார்கள், பிள்ளையை அலுவலகத்தில் அப்பா பெயரால் கூப்பிடுகிறார்கள். எங்கள் குடும்பத்தில் ஒருவருக்கு மீனாட்சி என்று பெயர். ஆங்கிலத்தில் அந்தப் பெயரை ஒவ்வோர் எழுத்தரும் ஒவ்வொரு விதமாக எழுதினார்கள். 'ட்சி' என்று ஒலிப்பதை 'க்ஷி' என்று எழுதியவர் உண்டு, நெடிலைக் குறிலாக்கியவர் உண்டு. குடும்ப அட்டை, வாக்காளர் அட்டை, வங்கிப் புத்தகம், ஆதார் என்று நான்கு இடத்தில் நான்கு மீனாட்சிகள் இருந்தார்கள். ஓய்வூதியத்துக்காக அந்த நால்வரும் ஒருவர்தான் என்று உறுதிமொழிப் பத்திரம் எழுத வேண்டியதாயிற்று. மதுரையில், அந்தப் பெயரிலேயே, இது நடந்தது என்பது என் மனத்தை விட்டு நீங்கவில்லை. ஹெர்ஷ்மன் லீசன் இல்லாதவருக்குக் காகிதம் சேர்த்தார். இருக்கும் ஒருவரின் நான்கு காகிதங்களை நான்கு பெண்களாகவே எடுத்து, நான்கு தனி வாழ்க்கைகளாக எழுதி, படமெடுத்து, ஒரு சுவரில் மாட்டினால் அது எங்கிருந்தும் கடன் வாங்காத படைப்பாக அமையும். செய்கிறவர் யாரானாலும் சரி, அதற்கான விதை நம் வீட்டு இரும்புப் பெட்டியிலேயே இருக்கிறது.

முகத்தைப் பற்றிய வேலை இன்னொரு கிளை. அதிலும் நம் மண்ணுக்குப் பழைய தொடர்பு உண்டு. சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டன், தென்னிந்திய மக்களின் மூக்கையும் மண்டையையும் கருவி கொண்டு அளந்து, கே. ரங்காச்சாரியின் துணையோடு, 1909-இல் ஏழு தொகுதிகளாகச் சாதிகளும் பழங்குடிகளும் பற்றிய நூலை வெளியிட்டார். ஒருவரின் முகத்தை அளந்தால் அவர் எத்தகையவர் என்று சொல்லிவிடலாம் என்பது அந்தக் காலத்து நம்பிக்கை. பெங்களூரில் வாழும் கலைஞர் என். புஷ்பமாலா, புகைப்படக் கலைஞர் கிளேர் ஆர்னியோடு சேர்ந்து 2000-க்கும் 2004-க்கும் இடையில் செய்த 'நேட்டிவ் விமன் ஆஃப் சவுத் இந்தியா' என்ற படத்தொகுதி இந்த நம்பிக்கையை உள்ளே புகுந்து பிரித்துப் போடுகிறது. ரவி வர்மாவின் ஓவியப் பெண், வேளாங்கண்ணி மாதா, சினிமாக் கதாநாயகி, செய்தித்தாளில் வந்த குற்றவாளிப் பெண் என்று எல்லாமாகவும் புஷ்பமாலாவே வேடமிட்டு நிற்கிறார். ஒரு பகுதியில், 19-ஆம் நூற்றாண்டில் அந்தமான் மக்களை அதிகாரிகள் படமெடுத்ததைப் போலவே, சதுரக் கட்டம் போட்ட திரைக்கு முன் அளக்கப்படும் பழங்குடிப் பெண்ணாக நிற்கிறார். வரைந்த திரை, ஜோடனைப் பொருள், ஒப்பனை என்று உங்கள் தாத்தாவின் ஸ்டுடியோவில் இருந்த எல்லாமே அங்கே கருவிகள். நீங்கள் முதலில் உட்கார்ந்து பார்க்க வேண்டியது இந்தத் தொகுதியைத்தான், ஏனென்றால் ஸ்டுடியோ என்ற இடத்தையே சிந்தனைக்கான இடமாக்கிய வேலை அது.

தர்ஸ்டனின் அளவுகோல் போய்விட்டது, அளக்கும் ஆசை போகவில்லை. அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழக ஊடகக் கூடத்தில் ஆய்வு செய்த ஜாய் புவோலம்வினி என்ற கருப்பினப் பெண், முகம் கண்டறியும் மென்பொருள் தன் முகத்தைக் காணவில்லை என்பதையும், வெள்ளை முகமூடி அணிந்ததும் கண்டுகொண்டது என்பதையும் கண்டார். அவரும் டிம்னிட் கெப்ருவும் 2018-இல் வெளியிட்ட ஆய்வில், விற்பனையிலிருந்த மென்பொருள்கள் ஆணா பெண்ணா என்று சொல்வதில் வெளிர்நிற ஆண்களிடம் அதிகபட்சமாக 0.8 விழுக்காடே தவறியிருந்தன, கருநிறப் பெண்களிடமோ 34.7 விழுக்காடு வரை தவறியிருந்தன. அதே ஆண்டு புவோலம்வினி அந்த முடிவைக் கவிதையாகவும் காணொளியாகவும் ஆக்கினார். எண்ணாகச் சொன்னபோது வல்லுநர்கள் மட்டும் கேட்டதை அது பொதுமக்களின் காதுக்குக் கொண்டுசென்றது. டிரெவர் பேக்லன் என்ற கலைஞரும் கேட் கிராஃபோர்டு என்ற ஆய்வாளரும் 2019-இல் வேறொரு வழியை எடுத்தார்கள். கணினிகளுக்குப் பார்க்கக் கற்றுக்கொடுக்கப் பயன்பட்ட இமேஜ்நெட் என்ற படத்திரட்டில் மனிதர்களுக்கு என்னென்ன பெயர்ச்சீட்டு ஒட்டப்பட்டிருக்கிறது என்று காட்ட, யாரும் தம் படத்தைக் கொடுத்துப் பார்க்கும் ஒரு தளத்தைத் திறந்தார்கள். வந்தவர்களின் முகத்தின்மேல் இழிசொற்களும் விழுந்தன. அதன்பின் அந்தத் திரட்டை நடத்தியவர்கள் மனிதப் படங்களில் ஏறத்தாழ 6,00,000 படங்களை நீக்குவதாக அறிவித்தார்கள். ஒருவரைப் பார்த்த மாத்திரத்தில் குற்றவாளி என்று சீட்டு ஒட்டுவதன் விலை என்ன என்பதை உசிலம்பட்டிப் பக்கத்து மக்களுக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. தமிழகக் காவல்துறையும் இன்று முகமறி மென்பொருளைப் பயன்படுத்துகிறது. சித்திரைத் திருவிழாவுக்குக் கூடும் கூட்டத்தின் நடுவே நிற்கும்போது இதெல்லாம் எனக்கு நினைவுக்கு வருகிறது. மதுரைக்குப் புறப்படும் அழகர் கள்ளர் திருக்கோலம் பூண்டு வருகிறார். (அழகர்மலையைச் சூழ்ந்த நாட்டுக் கள்ளர்கள் வேறு, பிரமலைக் கள்ளர்கள் வேறு. இரண்டையும் குழப்பி எழுதுகிறவர்கள் பலர் என்பதால் சொல்கிறேன்.) கடவுளே விரும்பி ஏற்கும் ஒரு வேடத்தின் பெயரை அரசு ஏடுகளில் குற்றத்தின் பெயராக எழுதிய வரலாறு இங்கேதான் நடந்தது.

சமூக ஊடகத்தைக் களமாகக் கொண்டவர்களைச் சுருக்கமாகச் சொல்லி விடுகிறேன். அமாலியா உல்மன் 2014-இல் இன்ஸ்டாகிராமில் சில மாதங்கள் ஒரு கற்பனைப் பெண்ணின் வாழ்க்கையைத் தன் வாழ்க்கைபோல் பதிவிட்டு, பிறகு அது படைப்பு என்று சொன்னார். சீனாவின் சாவ் ஃபெய் கணினிக்குள் ஒரு நகரத்தையே கட்டி, அதில் தனக்கொரு மறுவுருவை உலவவிட்டார். இரண்டும் கவனிக்கத்தக்கவை. ஆனால் உங்களுக்கு அவற்றைவிட நெருக்கமான எடுத்துக்காட்டு மதுரையிலிருந்து 12 கிலோமீட்டரில் இருக்கிறது.

கீழடி நாகரிகத்தின் இடுகாடான கொந்தகையில் கிடைத்த இரண்டு ஆண் மண்டையோடுகளுக்கு 2025-இல் முகம் கொடுத்தார்கள். மதுரை காமராசர் பல்கலைக்கழகத்து மரபணு ஆய்வாளர்கள் அவற்றை முப்பரிமாணத்தில் வருடி அனுப்ப, லிவர்பூல் ஜான் மூர்ஸ் பல்கலைக்கழகத்தின் முக ஆய்வகம் தசையும் கொழுப்பும் தோலும் சேர்த்து முகங்களை உருவாக்கியது. எலும்பிலிருந்து மூக்கின் அகலத்தையும் தாடையின் வளைவையும் ஓரளவு உறுதியாகச் சொல்ல முடியும். தோலின் நிறத்தை எலும்பு சொல்லாது. அதற்கு இன்றைய தமிழக மக்களின் நிறத்தைக் கொண்டார்கள். அந்தப் படம் வெளியானதும் மூக்கைப் பற்றியும் நிறத்தைப் பற்றியும் நாம் யார் என்பதைப் பற்றியும் எவ்வளவு வாதம் எழுந்தது என்பது உங்களுக்கே தெரியும். அறிவியல் சொல்லக்கூடியதும் கை சேர்த்ததும் ஒரே முகத்தில் தையல் தெரியாமல் கலந்திருந்ததால்தான் அந்த வாதம் அவ்வளவு சூடாயிற்று என்பது என் கணிப்பு. அந்த ஆய்வாளர்கள் நேர்மையாகவே வேலை செய்தார்கள். தையலைக் காட்டுவது கலைஞரின் பொறுப்பு. அதே மண்ணில் கிடைத்த பானை ஓடுகளில் ஆதன், குவிரன் என்று மக்கள் தம் பெயரைக் கீறி வைத்திருக்கிறார்கள். பானை தன்னுடையது என்று சொல்ல ஒருவர் தன் கையால் எழுதிய பெயரும், அவரைக் கேளாமல் நாம் அவருக்குக் கொடுத்த முகமும் மனத்தில் அருகருகே வைத்து, படைப்பாளியின் கண்ணோடு கீழடி அருங்காட்சியகத்தில் ஒரு முழு நாள் நின்று பாருங்கள்.

இதனால் மூன்றாவது கேள்விக்கு வந்துவிட்டோம். நெகட்டிவ்களைச் செயலியில் கொடுத்து முகங்களை அசைய வைப்பது கலையாகாது என்றே எண்ணுகிறேன். பார்க்கிறவர்கள் ஒரு நிமிடம் நெகிழ்வார்கள், ஆனால் அந்தப் புன்னகை படத்திலுள்ளவருடையதாக இராது. வேறெங்கோ உள்ள இலட்சக்கணக்கான முகங்களிலிருந்து எந்திரம் கற்ற சராசரிப் புன்னகையை உங்கள் ஊர்ப் பெரியம்மாவின் உதட்டில் ஒட்டுவது, மரியாதையான காரியமாக எனக்குப் படவில்லை. மாறாக, எந்திரம் என்ன செய்கிறது என்பதையே பொருளாக்கலாம். உங்கள் தாத்தா காலத்தில் ரீடச்சிங் என்று ஒன்று இருந்தது. கூர்மையான பென்சிலால் நெகட்டிவின் மேல் மெல்லக் கீறி, அம்மைத் தழும்பையும் கண்ணடிக் கருமையையும் குறைப்பார்கள். நெகட்டிவில் பென்சில் பட்ட இடம் படத்தில் வெளுக்கும். பெண் பார்க்க அனுப்பும் படம் என்றால் இன்னும் கொஞ்சம் வெளுப்பார்கள். இன்றைய செயலிகளும் கேட்காமலே தோலை வழவழப்பாக்குகின்றன, பல வேளைகளில் வெளுக்கவும் செய்கின்றன. ரீடச் செய்த ஒரு நெகட்டிவ், செய்யாத ஒன்று, எந்திரம் திருத்திய ஒன்று என்று ஒரே முகத்தை மூன்றாக வைத்தால், நிறத்தைப் பற்றிய நம் ஆசை கை மாறி வந்த கதை முழுவதும் தெரியும். தாத்தாவின் தவறும் அதில் இருக்கும். அதை மறைக்க வேண்டாம்.

அதே பெட்டியில் இடப்பட்ட அடையாளமும் எடுத்துக்கொண்ட அடையாளமும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும் என்பது இன்னொன்று. பாஸ்போர்ட் சைஸ் படத்துக்கு உட்கார்ந்தவர், காது தெரிய வேண்டும், சிரிக்கக் கூடாது, பின்னணி வெள்ளை என்று அரசு சொன்னபடி உட்கார்ந்திருப்பார். அவரே பொங்கலுக்கு வந்து, மாளிகைப் படிக்கட்டு வரைந்த திரைக்கு முன், கடன் வாங்கிய கைக்கடிகாரத்தோடு, தான் விரும்பிய மனிதராக நின்றிருப்பார். சடங்கான பெண்ணைக் கண்ணாடி முன் நிறுத்தி, பூத்தைத்த சடையும் முகமும் ஒருசேரத் தெரியும்படி எடுக்கும் படம் தமிழ் ஸ்டுடியோக்களில் தனித்து நிற்கும் ஒரு வகை. அந்தப் பெண்ணுக்கு அந்தப் படத்தில் எவ்வளவு விருப்பம் இருந்தது என்பதை அவரிடமே இன்று கேட்கலாம், அவர் பாட்டியாகி அடுத்த தெருவில் இருப்பார். ஒரே முகம் பள்ளிச் சான்றிதழில் "இடது கன்னத்தில் ஒரு மச்சம்" என்று எழுதப்பட்டிருக்கும், ஸ்டுடியோவின் வரைந்த திரைக்கு முன் நாயகியாகத் தோன்றும், கண்ணீர் அஞ்சலி ஃபிளெக்ஸில் குழுப்படத்திலிருந்து வெட்டியெடுத்து ஒட்டப்பட்டிருக்கும். ஒரு மனிதரின் இந்தப் படங்களை மட்டும் திரட்டி வரிசைப்படுத்தினாலே ஆண்டுக்கணக்கில் செய்ய வேலை இருக்கிறது.

யாருடைய படத்தையும் வெளியில் வைப்பதற்கு முன் அவரையோ பிள்ளைகளையோ கண்டுபிடித்து ஒப்புதல் கேளுங்கள். படம் உங்கள் தாத்தா எடுத்தது, முகம் அவர்களுடையது. தனியுரிமை அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றம் 2017-இல் சொல்லிவிட்டது. அது சொல்லாமல் இருந்திருந்தாலும் நம் தெருவுக்கு அந்த முறை உண்டு. இலவசச் செயலிகளில் அந்த முகங்களை ஏற்றவே ஏற்றாதீர்கள். ஏற்றிய படம் நாளை எந்தப் பயிற்சித் திரட்டுக்குப் போகும் என்பது உங்கள் கையில் இராது. உங்கள் கணினியிலேயே வைத்து வேலை செய்ய வழி இருக்கிறது. புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தைச் சேர்ந்த ஆய்வாளர்கள், பிரிட்டிஷ் நூலகத்தின் உதவித் திட்டம் ஒன்றின்கீழ், தமிழக ஸ்டுடியோக்களின் பழைய படங்களைத் தேடித் திரட்டி மின்னுருவாக்கியிருக்கிறார்கள். அவர்கள் பட்டியலிட்ட முறையைப் பார்த்து அதன்படி எண்ணிட்டுக்கொண்டால் பிற்பாடு அலையாமல் இருக்கலாம்.

உடனே செய்ய வேண்டியது ஒன்று உண்டு. பெட்டியைத் திறந்ததும் காடி போலப் புளித்த வாடை வந்தால், அசிடேட் ஃபிலிம் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். அந்த வாடையுள்ளவற்றை மற்றவற்றிலிருந்து இன்றைக்கே பிரித்து வையுங்கள், ஏனெனில் அந்தப் புளிப்பு அடுத்ததையும் பிடிக்கும். பிளாஸ்டிக் உறையை எடுத்துவிட்டு அமிலமில்லாத காகித உறையில் போட்டு, மாடி அறையின் வெக்கையிலிருந்து இறக்கி, வீட்டிலேயே குளிர்ந்த, ஈரமில்லாத இடத்தில் வையுங்கள். ஒவ்வொன்றையும் ஸ்கேன் செய்யும்போது பென்சில் கீறிய பக்கத்தையும் தனியே ஒருமுறை எடுத்துக்கொள்ளுங்கள். டெலிவரி நோட்டு இருந்தால் அதையும் பக்கம் பக்கமாக எடுங்கள். அதில் தாத்தா எழுதிய பெயர்களைத் திருத்த வேண்டாம். எந்தக் கட்டத்திலும் பிரித்து நிரப்பாமல், வந்தவர் தன் வாயால் சொன்னபடி, "தெப்பக்குளம் பூக்கார அக்கா, ஆறு காப்பி" என்று இருப்பதை அப்படியே விடுங்கள்.